டோரினா மகளுக்குக் கல்யாண ஓலை

— பூசைக்கு வராம எங்கனம்மா போன? இன்னைக்குன்னு பாத்து!

— ஒரு சோலியா போயிருந்தேன் தாயி. சாப்பிட்டியா? சட்டியில இட்லி மூடி வச்சிருக்கேன்.

— கோயில்ல எனக்கு மொதல் ஓலை வாசிச்சாக. நீ இல்ல.

— எப்படி வாசிச்சாக? சாமியாரு சொன்னபடியே சொல்லு பாப்பம்.

— எல்லாக் கல்யாணத்துக்கும் வாசிக்கிறதுதான. 'காலஞ்சென்ற அருளப்பன், பாக்கியம் இவர்களின் மகள் ரோஸ்லினுக்கும் எட்வினுக்கும் திருமணம் நடக்க இருக்கிறது. தடை ஏதும் இருப்பதாக அறிந்தவர்கள் தெரிவிக்க வேண்டும்.' அம்புட்டுத்தான்.

— பாக்கியம்னு சொன்னாராக்கும்!

— சொன்னாரு. சொன்ன ஒடனே எனக்குப் பின்னால ஒருத்தி, 'பாக்கியமா? அது யாருடி?'ங்குறா. இன்னொருத்தி, 'நம்ம டோரினாடி'ங்குறா. பொம்பளைக பக்கம் பூராவும் சிரிப்பு. சாமியாரு நிமிந்து பாக்குறாரு. முக்காட்ட மூஞ்சி வரைக்கும் இழுத்து விட்டுக்கிட்டேன்.

— கேட்டவளுக்கு வெளங்கணும்ல. அதுக்குச் சொல்லிருப்பா.

— ஒனக்குக் கூசவே கூசாதாம்மா? ஊருல பொம்பளைக ஜாக்கெட்டுக்கு உள்ள போடுறதுக்குப் பேரு டோரினா. எங்கம்மாவுக்குப் பேரும் டோரினா. நான் டோரினா மக. ஆறாவது படிக்கையில இருந்து இந்தப் பேர கேட்டுக்கேட்டு எனக்குப் புளிச்சுப்போச்சு.

— அந்தப் பேரு எப்படி வந்துச்சுன்னு ஒனக்குத் தெரியுமா?

— தெரிய வேணாம்.

— இல்ல தாயி, கேளு. ஒங்கப்பா தவறிப்போன வருசம், தொண்ணூத்தேழு. பழனிசெட்டிபட்டியில ஒரு மொத்தக் கடைக்காரரு ஒரு பை சரக்கு குடுத்து விட்டாரு. ஓடைப்பட்டியில போயி எறங்குனேன். தெரு மொனையில நின்னா, வாய் வர மாட்டேங்குது. உப்புக்காரன் உப்புங்குறான். சேலைக்காரன் சேலைங்குறான். நான் என்னன்னு கூவ?

— பாடின்னு கூவ வேண்டியதுதான.

— நடுத்தெருவுல, கயித்துக் கட்டில்ல ஆம்பளைக உக்காந்திருக்கையிலயா? ஒன்னால முடியுமா? நானும் ஒன்னய மாதிரித்தான் கூசிப்போயி நின்னேன். பெட்டியப் பாத்தேன். அட்டையில கம்பெனி பேரு போட்டிருந்துச்சு. கண்ண மூடிக்கிட்டு 'டோரினாஆஆ'ன்னு ஒரு சத்தம் விட்டேன்.

— யாருக்கு வெளங்குச்சாம்?

— ஒருத்தருக்கும் வெளங்கல! அதுதான் அதுல உள்ள சூச்சுமம். கட்டில்ல கெடந்த ஒரு பெரியவரு எந்திரிச்சு ஒக்காந்து, 'ஏம்மா, ரெண்டு டோரினா குடு, டீயில முக்கித் திங்கலாம்'னாரு.

— ஐயே!

— பிஸ்கட்டுன்னு நெனச்சுட்டாரு. நான் பைய லேசாத் தெறந்து அவரு மருமவளுக்கு மட்டும் காட்டுனேன். அவ சிரிச்ச சிரிப்புல தெருவுல உள்ள பொம்பளைக எல்லாம் ஓடியாந்துட்டாக. அன்னையில இருந்து அது அவுக பேச்சு. ஆம்பளை முன்னாலயே, 'அத்தை, மழை வருது, டோரினாவ எடுங்க'ன்னு சொல்லலாம். அவனுக்கு வத்தலா வடகமான்னு தெரியாது.

— இப்ப எல்லாருக்கும் தெரியும்.

— இப்பத் தெரியும். ஆனா வார்த்த பழகிப்போச்சுல்ல? இன்னொரு வேடிக்கை கேளு. வேற கம்பெனி சரக்குக் காட்டுனாலும் 'இது எந்தக் கம்பெனி டோரினா?'ன்னுதான் கேக்குறாக. திருப்பூர்ல அந்த டோரினாக்காரன் கம்பெனிய மூடி மூணு வருசமாச்சு. ஆளு இல்ல, அட்டை இல்ல. பேரு மட்டும் கம்பம் வரைக்கும் நடந்து போயிக்கிட்டு இருக்கு.

— ஒனக்கு இதெல்லாம் பெருமையா இருக்கு.

— பெருமையில்ல தாயி. ஒரு சொல்லு எப்படி மொளைக்குதுன்னு பக்கத்துல இருந்து பாத்திருக்கேன். அது ஒரு ஆச்சரியந்தான.

— எனக்கு ஆச்சரியமா இல்ல. நாண்டுக்கிட்டுச் சாகலாம்னு இருக்கு.

— ஏ டோரினா! கதவத் தொற ஆத்தா, மலையம்மா வந்திருக்கேன்!

— வந்துட்டாளுக. ஞாயித்துக்கெழமையும் விட மாட்டாளுக.

— கொல்லைக் கதவு தொறந்துதான் கெடக்கு, வா மலையம்மா. கூட்டத்தோட திராட்சைப் பழம் பறிக்கப் போகலயா?

— போகணும், ஓடைப்பட்டியில ரெண்டு தோட்டம் வெட்டு. அடியாத்தி, ரோசும் இருக்கா! ஏத்தா புதுப்பொண்ணு, ஒங்கம்மாவுக்குப் பாக்கியம்னு ஒரு பேரு இருக்காம்ல? இன்னைக்குத்தான் கேள்விப்பட்டேன். கோயில்ல ஒரே சிரிப்பாணியாமே!

— ஒங்களுக்கு என்ன வேணும், அத மட்டும் சொல்லுங்க.

— பாருடி இவள! சுள்ளுன்னு விழுகுறா. டோரினா, அன்னைக்குக் குடுத்தீல்ல, அது மூச்சு முட்டுது. பந்தலுக்குக் கீழ நாளெல்லாம் கைய தூக்கிக்கிட்டு நிக்கணும், அங்கன வந்து உயிர வாங்குது.

— எந்தக் கொக்கியில மாட்டுன?

— உள்ள இருக்கிறதுல. கெட்டியா இருக்கட்டுமேன்னு.

— அதான் தப்பு. புதுசுக்கு வெளியோரத்துக் கொக்கியிலதான் மாட்டணும். போடப்போட ரப்பரு தளரும். அப்ப நடுக் கொக்கி, அப்பறம் உள்கொக்கி. மூணு வரிசை வச்சிருக்கது அதுக்குத்தான். மொதல்லயே உள்ள மாட்டிட்டா, தளந்த பெறகு எங்க போவ?

— அட, அதுக்கா மூணு! நான் அழகுக்குன்னு நெனச்சேன்.

— எப்படிக் காயப் போடுற?

— பாவாடைக்கு அடியில மறைச்சுத்தான். பின்ன கொடியில பப்பரப்பான்னா போட முடியும்?

— வெயிலே படலன்னா ஈரம் ஊறி அரிப்பு வரும். போன மாசம் சொறிஞ்சுக்கிட்டு வந்தீல்ல? அதுனாலதான். ஓட்டு மேல போடு. ஒரு மணி நேரம் வெயிலு பட்டாப் போதும்.

— ஓட்டு மேலயா? எம்புருசன் பாத்தா என்னய ஓட்டு மேல ஏத்திருவாரு! சரி, நீ சொல்லிட்ட, செய்யிறேன். ஆமா, காலையில கருக்கல்ல கம்பம் பஸ்ஸுல போனீல்ல? வெள்ளச் சேலையும் செபமாலையுமா! ஏவாரப் பை இல்லாம ஒன்னய நான் கண்டதே இல்ல. கையக் காட்டுனேன், நீ பாக்கல.

— பாத்தேன், நீதானான்னு இருட்டுல வெளங்கல.

— எங்குட்டுப் போன?

— சும்மா. நீ கெளம்பு, கங்காணி ஏசப் போறாரு.

— வாரேன் புதுப்பொண்ணு. கல்யாணத்துக்கு ஒங்கம்மா ஊருக்கெல்லாம் ஆளுக்கொரு டோரினா குடுக்கணும், சொல்லிப்புட்டேன்!

— பாத்தியாம்மா? பாத்தியா? கல்யாணத்தன்னைக்கும் பந்தியில நின்னுக்கிட்டு இதையேதான் கத்துவாளுக. எட்வினோட அம்மா, அக்கா எல்லாரும் இருப்பாக.

— மலையம்மா வாய்தான் அப்படி, மனசு வெள்ள.

— கம்பம் பஸ்ஸுல எங்கம்மா போன?

— நீ ஏதோ எங்கிட்டச் சொல்லணும்னு நான் வந்ததுல இருந்து வாயத் தொறக்குற, மூடுற. மொதல்ல அதச் சொல்லு. அப்பறம் நான் சொல்றேன்.

— ஒண்ணுமில்ல.

— ஒண்ணுமில்லாமயா சேலைத் தலப்ப இந்தப் பாடு படுத்துற? நூலு பிரிஞ்சுரும் தாயி.

— வியாழக்கெழமை அவுக வீட்டுல இருந்து வாராகள்ல, கல்யாணச் சேலை எடுக்குறதப் பத்திப் பேச.

— ஆமா. மொதத் தடவையா நம்ம வீட்டுக்கு வாராக. நிச்சயத்தையும் தேனியில சித்தி வீட்டுலயே வச்சுக்கிட்டீக. அன்னைக்கு ஆடிச் சனி, குச்சனூர் கோயில்ல கூட்டம் அள்ளும், ஏவாரத்த விடாத, போன்னு நீதான என்னய அனுப்பி வச்ச.

— ஆமா. அதுவந்து... வியாழக்கெழமையும் சித்தி வருவா.

— வரட்டும். தங்கச்சிதான எனக்கு.

— சித்தி... அம்மா எடத்துல இருந்து பேசட்டும்மா. நீ அடுப்படியில இரு. காப்பிய நான் கொண்டு போயிக் குடுத்துக்கிடுறேன். யாராச்சும் கேட்டா பெரியம்மான்னு சொல்றேன். நீ வேற எதும் வாயத் தொறந்து பேசிராத. ஒரு நாளு. ஒரே ஒரு நாளு.

— பெரியம்மா.

— ஏம்மா அப்படிப் பாக்குற? ரெண்டு அடி அடிச்சிரு.

— அடிக்கிற மாதிரியா இருக்கு? நான் ஒரு கணக்குப் போட்டுப் பாக்குறேன். வியாழக்கெழமை ஒரு நாளு. கல்யாணம் ஒரு நாளு. புள்ள பெறந்தா ஞானஸ்நானம் ஒரு நாளு. எத்தனை நாளைக்குத்தான் நான் பெரியம்மா?

— எனக்கும் தெரியலம்மா. எப்படி ஆரம்பிச்சேன்னே தெரியல. தேனி ஹாஸ்டல்ல சேந்த புதுசுல ஒங்கம்மா என்ன செய்யிறாகன்னு எல்லாரும் கேட்டாளுக. சொல்ல வாய் வரல. ஏதோ ஒண்ணச் சொல்லிட்டேன். அதையே எட்வினுகிட்டயும் சொல்ல வேண்டியதாப் போச்சு.

— என்ன சொன்ன?

— விடும்மா.

— சரி, விட்டுட்டேன். இப்ப நான் காலையில எங்க போனேன்னு சொல்லவா?

— சொல்லு.

— ஓலைய ரெண்டு ஊருலயும் வாசிப்பாக, தெரியும்ல? பொண்ணு கோயில்லயும் மாப்பிள்ளை கோயில்லயும், ஒரே ஞாயித்துக்கெழமை. ரெண்டு கோயில் சனத்துல யாருக்காச்சும் ஏதாச்சும் தெரிஞ்சிருந்தா எந்திரிச்சுச் சொல்லணும், அதுக்கு அந்த ஏற்பாடு. நம்ம கோயில்ல பாக்கியம்னா சிரிப்பாகன்னு எனக்குத் தெரியாதா? அதான், என்னைய அறியாத ஊருல போயிக் கடைசி வரிசையில ஒக்காந்து எம்பேரக் கேட்டுட்டு வருவோம்னு மாப்பிள்ளை ஊருக்குப் போனேன். பாக்கியம்னு யாராச்சும் கூப்பிட்டு ஏழு வருசமாச்சு.

— அம்மா...

— இரு, முடிச்சுக்கிடுறேன். 'காலஞ்சென்ற அருளப்பன்'னு வாசிச்சாரு. ஒங்கப்பாவ நெனச்சுச் சிலுவ போட்டுக்கிட்டேன். அடுத்து எம்பேரு வரப்போகுதுன்னு நிமிந்து ஒக்காந்தேன். 'காலஞ்சென்ற பாக்கியம்'னாரு.

— அய்யோ அம்மா, அம்மா, நான்...

— பக்கத்துல ஒரு அம்மா, 'தாயும் இல்லாத புள்ளையா, பாவம்'னு எங்கிட்டச் சொல்லிக் கண்ணத் தொடச்சுக்கிட்டாக. அப்பறம் சாமியாரு, தடை தெரிஞ்சவுக சொல்லலாம்னாரு. கோயிலே கப்புச்சிப்புன்னு இருந்துச்சு தாயி. நான் எந்திரிக்கல.