எட்டாத தாழ்ப்பாள்

"உங்க ஊர்ப் பக்கம் வந்த அந்த எழுத்தாளர் இன்ஜினியருக்குப் படிச்சிட்டு, வேலைய விட்டுட்டுக் கதை எழுதறாங்களாமே, நிஜமா?" என்று கேட்டார் டிபன் பையோடு இருந்த ஆபீஸ் பெண். தாம்பரத்திலிருந்து பீச் போகும் காலை ரயிலின் மகளிர் பெட்டி அது. பேச்சைக் கேட்க நான் பேப்பரை மடித்துவிட்டேன்.

எதிரே இருந்த முடிச்சூர்க் கீரைக்கார அம்மா தலையாட்டினார். "ஆமா கண்ணு. அந்த புக்கு துட்டுலதான் எங்க இஸ்கூல்ல பொண்ணுங்களுக்கு கக்கூஸ் கட்டிக் குடுத்தாங்க."

"திறப்பு விழால்லாம் நடந்துதா?"

"மாலையோட நின்னுகினு இருந்தோம். அத்த யாரு கண்டுகினாங்க? அவங்க ஒண்ணாங் கிளாஸ் பொண்ணு ஒண்ண இட்டுகினு போயி, உள்ள தாப்பா போடச் சொன்னாங்க. எட்டல. மேஸ்திரி தன் ஒசரத்துக்கு வெச்சிட்டுக்கீறாரு. அங்கியே கழட்டி எறக்க வெச்சாங்க. அப்பாலதான் மாலை."

"கதையெல்லாம் நல்லா இருக்குமா?"

"எனுக்குப் படிக்கத் தெரியாதும்மா." பல்லாவரத்தில் இறங்கக் கூடையைத் தூக்கினார். "முன்னல்லாம் எம் பொண்ணு, ஒதுங்க எடமில்லன்னு, குடுத்த தண்ணிய அப்டியே வூட்டுக்கு எடுத்தாருவா. இப்ப பாட்டில் காலியா வருது."