பல்லுக்குத் தனி பிளேட்

சீனச் சண்டை நடந்த சமயம். சிவகாசி பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் ஒரு தீப்பெட்டி முதலாளியும், அவருக்கு லேபிள் அடிக்கும் பிரஸ்காரரும் இருந்தார்கள். முதலாளி கையில் புது லேபிள். அதில் சீனத் தலைவரின் கேலிப்படம்.

“இந்த மூஞ்சிய எங்கனயோ பாத்திருக்கேனே.”

“நம்ம தலைவரோட கைகுலுக்குற மாதிரி முன்னால ஒரு லேபிள் அடிச்சோம்லா அண்ணாச்சி, அதே மூஞ்சிதான். கோரப்பல்லு மட்டும் சேத்திருக்கு.”

“நாளைக்கே சமாதானமாயிட்டா?”

“பல்லுக்குத் தனி பிளேட்டு போட்டிருக்கேன். அத மட்டும் எடுத்துட்டு அடிச்சிருவோம்.”

டிக்கெட் கிழிக்க வந்த கண்டக்டர் இதைக் கேட்டுக்கொண்டே நின்றார்.

“எங்க அண்ணனுக்குச் சண்டையில கால் போயிருச்சு. சமாதானமானா அதத் திரும்ப ஒட்டுறதுக்கும் ஒரு பிளேட்டு வச்சிருக்கீகளா?”

பிரஸ்காரர் சில்லறையை நீட்டினார்.

“சிவகாசி ரெண்டு.”