நடு ஆட்டக்காரன் நின்ற இடம்

— கையெழுத்தெல்லாம் போட முடியாது, துளசி. நீ ரோட்டப் பாத்து காடிய ஓட்டு.

— ஒரே ஒரு பேப்பர், ப்பா. நான் படிச்சுக் காட்டுறேன்.

— நீ படிச்சா அதுல இருக்கறது மாறிடுமா? எஸ்டேட்ட மூடுறப்பவும் ஆபீஸ் கிராணி படிச்சுத்தான் காட்டுனான். தலையாட்டிக்கிட்டே கையெழுத்துப் போட்டோம். மூணு மாசத்துல நாங்க குடியிருந்த லயத்த இடிச்சுட்டான்.

— இது எஸ்டேட் பேப்பர் இல்ல. உங்க மருமகன் வாழ்க்கை.

— தொர வாழ்க்கைக்கு என் கையெழுத்து எதுக்கு?

— இன்னும் தொரதானா? கல்யாணமாகி அஞ்சு வருஷம் ஆச்சு. ஹேமிஷ்னு வாய்ல வராதா உங்களுக்கு?

— எங்கப்பன் ஒரு ஸ்காட்லாந்துக்காரன்கிட்ட முப்பது வருஷம் பால்மரம் சீவுனாரு. அந்தாளு பேரும் எங்க வீட்டுல எவன் வாயிலயும் வரல. தொரதான்.

— ரெண்டு பாதத்துலயும் கட்டுப் போட்டு ஆஸ்பத்திரியில படுத்திருக்காரு. இப்பத்தான் பாத்துட்டு வர்றோம். இப்பவும் நக்கல்!

— நக்கல் இல்ல, தாயி. பழக்கம்.

— என்ன எழுதியிருக்குன்னாவது கேளுங்க. ‘நல்லசாமி ஆகிய நான், எங்க கோயில் தீமிதியில பூக்குழி கிளறுனவன். தணல நான் சரியா பரத்தல. அதனாலதான் அவரு கால் வெந்துச்சு.’ அவ்வளவுதான்.

— அவ்வளவுதானா? நல்லா இருக்கே! இருபத்தேழு பேரு எறங்குனாங்க. பாலகிருஷ்ணன் பொண்டாட்டிக்கு எழுபத்தோரு வயசு. அந்த அம்மா காலுல ஒரு கொப்புளம் காட்டு பாப்போம். பத்தொம்பது வருஷமா நான்தான் கிளறுறேன். குழி கெட்டுச்சுன்னு ஒருத்தன் சொன்னதில்ல. இப்ப நானே எழுதிக் குடுக்கணுமா?

— வடக்குல அந்த ஃபுட்பால் கிளப்பு ரெண்டு வருஷம் கான்ட்ராக்ட் குடுத்திருக்கு, ப்பா. முப்பத்தஞ்சு வயசு ஆட்டக்காரனுக்கு யாரு ரெண்டு வருஷம் குடுப்பா? அவரே கவனமில்லாம சுட்டுக்கிட்டார்னா அது போச்சு. வேற யாரோ செஞ்ச தப்புன்னா ஆறு வாரம் காத்திருக்கோம்னு சொல்றாங்க.

— அந்த வேற யாரோ நானு.

— வேற யாரு இருக்கா? மாரியாத்தாவையா கையெழுத்துப் போடச் சொல்றது?

— வாயக் கழுவு.

— இருங்க, போன் அடிக்குது. யுவா, ஸ்பீக்கர்ல இருக்கீங்க. அப்பா பக்கத்துலதான்.

— வணக்கம் அங்கள். நான் யுவனேஸ்வரன். ஹேமிஷோட ஏஜண்ட். கிளப்புல ரெண்டு மணி வரைக்கும் வெயிட் பண்றாங்க லா. லெட்டர போட்டோ எடுத்து அனுப்பிட்டா செட்டல்.

— நீ யாரு வீட்டுப் புள்ள?

— ராசா மகன், அங்கள். சன்னாசி பேரன்.

— லோரி சன்னாசியா? சரி. தம்பி, குழி சரியில்லன்னு நான் எழுதிக் குடுத்தா, அடுத்த வருஷம் என் குழியில எவன் எறங்குவான்?

— யாரும் படிக்க மாட்டாங்க, அங்கள். பைல்ல போய்ப் படுத்துக்கும்.

— பைல்ல படுக்கறது ஒரு நாளு எந்திரிச்சு வரும். நான் பாத்திருக்கேன்.

— ஹேமிஷ் கேரியர கொஞ்சம் நெனச்சுப் பாருங்க அங்கள். ஒரு நல்ல முடிவு வேணாமா?

— வச்சுரு தம்பி. காடி ஓட்டுற புள்ளகிட்டப் போனுல பேசக்கூடாது.

— ஏன் இப்படி மூஞ்சில அடிச்ச மாதிரி பேசுறீங்க? அவருதான் நமக்காக ஓடிக்கிட்டு இருக்காரு.

— எல்லாரும் ஓடுறீங்க. அவன் மட்டும்தான் படுத்திருக்கான். ஏ புள்ள, நானும் அஞ்சு வருஷமா டிவியில பாக்குறேன். உன் புருஷன் கோலும் போட மாட்டான், கோல காக்கவும் மாட்டான். நடுவுல ஓடி ஓடிப் பந்த எடுத்து எவனுக்கோ குடுக்குறான். மாலை அவனுக்குப் போவுது.

— அதான் மிட்ஃபீல்டர் வேல, ப்பா. மத்தவங்கள ஆட வைக்கிறது. தோட்டத்துல வேல வாங்குற மண்டோர் மாதிரின்னு வச்சுக்குங்களேன்.

— மண்டோரு எங்க ஓடுனான்? நெழல்ல நின்னு கத்துவான்.

— சிரிக்க வைக்காதீங்க. நான் கோவமா இருக்கேன். அவரு யாருன்னே உங்களுக்குத் தெரியாது. பதினாறு வயசுல அவங்க ஊரு கிளப்புல சேந்தாரு. மீன்பிடி ஊரு, நம்ம சுங்கை செம்பிலாங் மாதிரி. பத்தொம்பது வயசுல ஸ்காட்லாந்துல பெரிய டிவிஷன். இருபத்தொண்ணுக்குக் கீழ உள்ளவங்க டீமுல நாட்டுக்காக ரெண்டு மேட்ச். பேப்பர்ல எல்லாம் எழுதுனாங்க. அப்புறம் முட்டி. ஒரு வருஷம் படுக்கை. எந்திரிச்சு ரெண்டாவது டிவிஷன். மறுபடியும் முட்டி. அப்புறம் ஹாங்காங், தாய்லாந்து, அதுக்கப்புறம் இங்க. நான் இந்த ஊரு கிளப் ஆபீஸ்ல டிக்கெட்டு கிழிச்சுக்கிட்டு இருந்தப்ப வந்து சேந்தாரு.

— மேலேந்து கீழ எறங்கிக்கிட்டே இருக்கான்னு சொல்லு.

— ப்பா!

— தப்பா சொல்லல. எறங்கறவனுக்கு ஒக்கார ஒரு எடம் வேணும்ல?

— இன்னும் ஒரே ஒரு சீசன்தான். அப்புறம் கோச்சிங் லைசன்ஸ் எடுத்துக்குவாரு.

— போன வருஷமும் ஒரே ஒரு சீசன்தான்னு சொன்ன. அதுக்கு மொத வருஷமும். ஆமா, காலையில அவன் மாடிப்படி எறங்கறத நீ பாத்திருக்கியா?

— ஏன், நல்லாத்தானே எறங்குவாரு?

— நீ வேலைக்குப் போனப்புறம் பாரு. திரும்பி நின்னு, பின்பக்கமா எறங்குறான். ரெண்டு கையாலயும் கம்பியப் புடிச்சுக்கிட்டு. பதினாலு படி. கீழ வந்து, கடைசிப் படியில ஒக்காந்து முட்டியத் தேய்க்கிறான். நான் காப்பி கலக்கிக் குடுப்பேன். குடிச்சுட்டு எந்திரிப்பான்.

— எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னதில்ல.

— நீ எப்ப மேட்ச்சுன்னுதானே கேக்குற.

— அதுக்காகத்தானே வேண்டிக்கிட்டேன்! முட்டி சரியாகணும், இன்னும் ரெண்டு வருஷம் ஆடணும்னு ஆத்தாகிட்டக் கேட்டேன். எறங்குங்கன்னு நான் சொன்னதும் சரின்னாரு. பத்து நாளு காப்புக் கட்டி, தரையில பாய் போட்டுப் படுத்தாரு. முட்டை கூடத் தொடல. இப்ப கோயில்ல என்ன பேசுறாங்க தெரியுமா? வெள்ளைக்காரன் விரதம் கெட்டுப் போச்சு, அதான் சுட்டுச்சுன்னு. விஜயராணி அத்தை எங்கிட்டயே கேட்டாங்க, ராத்திரி ஏதும் சாப்பிட்டாரான்னு.

— அவ கெடக்கா. விரதத்துல ஒரு குத்தமும் இல்ல. நான் பாத்தேன்.

— அப்ப கையெழுத்துப் போடுங்க! விரதம் கெடலன்னா குழி கெட்டிருக்கணும். ரெண்டுல ஒண்ணு. நீங்க போட்டா கான்ட்ராக்டும் நிக்கும், இந்தப் பேச்சும் நிக்கும்.

— ரெண்டுல ஒண்ணு. அப்படியா.

— இருங்க, ஈஜோக் தாண்டியாச்சு. ஓரமா நிறுத்துறேன். இந்த வீடியோவ நீங்க பாக்கணும். தீமிதியில விமலன் எடுத்தது.

— வேணாம்.

— பாருங்க, ப்பா. இதோ எறங்குறாரு. ஒண்ணு, ரெண்டு, மூணு. எல்லாரும் நேரா போறாங்க. இவரு நாலாவது அடியில இடது பக்கம் திரும்புறாரு. அந்த ஓரத்துல நிக்கிறாரு பாருங்க. நடக்கல. நிக்கிறாரு. நான் எண்ணிட்டேன், ஆறு செகண்ட். எவனாவது நெருப்புல நிப்பானா? கால் பொதைஞ்சு போச்சு. நீங்க பரத்தாம விட்ட தணல்ல பொதைஞ்சு போச்சு.

— பொதையல.

— பின்ன?

— அத மூடி வையி.

— உங்களுக்கு அவர ஆரம்பத்துலேந்து புடிக்காது. பொண்ணு கேட்டு வந்தப்ப நாற்காலி கூடப் போடல நீங்க. அதான் குழியிலயும் ஏனோதானோன்னு…

— துளசி. என்னத் திட்டு, பரவால்ல. அவன் கால சுடணும்னு நான் குழி வெட்டுனேன்னு மட்டும் சொல்லாத.

— அழுவாதீங்க ப்பா. நான் அப்படிச் சொல்ல வரல.

— அழுவல. ஏர்கோண்டு கண்ணுல அடிக்குது. இந்த லெட்டர அவன்கிட்டக் காமிச்சியா?

— காமிச்சேன். செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டாரு. வலி.

— வலின்னு சொன்னானா?

— சொல்லணுமா? ரெண்டு பாதமும் வெந்து கெடக்கு.

— ஆறு வாரம் ஆனா திரும்ப ஓடணும், என்ன?

— ஓடுவாரு. அவரு எப்பவும் எந்திரிச்சு வந்திருக்காரு.

— கான்ட்ராக்டு பேப்பர நீ என்னைக்கு வீட்டுக்குக் கொண்டாந்த?

— சனிக்கிழமை. ஏன்?

— ஒண்ணுமில்ல. நீ சாமி அறையில வச்சு சூடம் காட்டுன. அவன் அதப் பாத்துக்கிட்டே நின்னான்.

— சந்தோஷத்துல பேச்சே வரல அவருக்கு.

— பேனா இருக்கா?

— இந்தாங்க. போடுறீங்களா? ஐயோ, தேங்ஸ் ப்பா. இங்க, கீழ.

— இரு. குழி சரியில்லங்கறத அடிச்சுட்டு, நல்லசாமி சரியில்லன்னு எழுது. அதுக்குப் போடுறேன்.

— ரெண்டும் ஒண்ணுதானே?

— இல்ல. குழி நல்லாத்தான் இருந்துச்சு. இடது ஓரத்துல ரப்பர்க் கட்ட வேரோட போட்டிருந்தோம். எவ்வளவு கிளறுனாலும் அந்த எடம் மட்டும் அவியாது. வருஷா வருஷம் அப்படித்தான். அதுக்குத்தான் நான் அங்கேயே நின்னு எல்லாரையும் நடுவுல தள்ளி விடுவேன்.

— நீங்க அங்கதான் நின்னீங்களா? அப்ப அவரு நிக்கிறதப் பாத்தீங்க!

— பாத்தேன். போ போன்னு கத்துனேன். என் மூஞ்சியப் பாத்துக்கிட்டே நின்னான்.

— பயத்துல வழி தெரியாமப் போயிருப்பாரு, ப்பா. யாராவது முன்னாடியே அவருக்குச் சொல்லியிருக்கலாம்ல?

— சொன்னேன், தாயி. ஞாயித்துக்கிழமை, தீமிதியன்னிக்குக் காலையில அவனே வந்து, ‘அப்பா, எந்த எடத்துல நெருப்பு ஜாஸ்தி’ன்னு கேட்டான், ஒதுங்கிப் போகத்தான் கேக்குறான்னு நெனச்சு, நான்தான் கைய நீட்டிக் காமிச்சேன்.