இரண்டெழுத்து மரியாதை

இயற்கையை மனிதன் வென்ற வரலாற்றில் எங்கள் சோதனை விமானத்துக்குத் தனி அத்தியாயம் உண்டு. மூக்கை அறுபது பாகை தூக்கிக்கொண்டு, விழாமல், மெல்ல முன்னே நகரும். என் மனைவி ஒருமுறை பார்த்துவிட்டு, "எந்திரிக்க மனசில்லாம எந்திரிக்கிற ஆள் மாதிரி இருக்கே" என்றாள். அதுவும் சரிதான்.

ஓட்டியவர் எங்கள் மாப்பிள்ளை. ஒரே மகளின் கணவர். திட்டத்துக்குத் தலைவன் நான். சலுகை ஏதும் இல்லை, ஐயா. அவர்கள் இருவரும் முதலில் பேசிக்கொண்டது என் அலுவலக மாடிப்படியில் என்பது மட்டுமே என் பங்கு.

அந்தக் கோணத்தில் இறக்கைமேல் காற்று ஒட்டாது. விமானம் பக்கவாட்டில் நழுவத் தொடங்கினால், ஓட்டுபவர் உணருமுன்பே கீழே எங்கள் திரையில் எண் சிவந்துவிடும். உடனே திரையைப் பார்க்கும் பெண் ஒலிவாங்கியில் "மூக்க இறக்கு" என்பாள். நாலு நொடிக்குள் இறக்கினால் பிழைத்தது. தாண்டினால் பம்பரம்தான்.

அந்தச் சொல் எனக்கு உறுத்தியது. இருபத்துநாலு வயதுப் பெண், பத்துப் பேர் நடுவில், எங்கள் வீட்டு மாப்பிள்ளையை 'இறக்கு' என்கிறாள். நடைமுறைக் கையேட்டைத் திருத்தினேன்: 'விமானி அவர்கள் முகப்பைத் தாழ்த்தவும்.' மூன்று கையெழுத்து, ஒரு முத்திரை.

சாப்பாட்டு மேசையில் மாப்பிள்ளை சிரித்தார். "மாமா, நான் விழுந்துட்டிருப்பேன். எனக்கு எதுக்கு 'அவர்கள்'?"

"ஒழுங்குன்னு ஒண்ணு இருக்குல்ல மாப்பிள்ளை."

"நீ திருந்தவே மாட்டப்பா" என்றாள் மகள்.

அந்தப் பெண் ஒருநாள் வாய்தவறிப் பழையபடி சொன்னாள். ஒரு வாரம் கட்டுப்பாட்டு அறைக்குள் விடவில்லை. பிறகு அழகாகச் சொல்லப் பழகிக்கொண்டாள்.

அன்று எண் சிவந்தது. "விமானி அவர்கள்" என்று தொடங்கியவள், பாதியில் விட்டுவிட்டு, "அண்ணா, மூக்க" என்றாள். அதற்குமேல் அவருக்குக் கேட்கவில்லை. ஓடுபாதைக்கு அப்பால் காலி நிலத்தில் விழுந்தார்.

அந்தப் பெண் தாமதித்ததாலும் வானொலித் தொடர்பு அறுந்ததாலும் எச்சரிக்கை போய்ச் சேரவில்லை என்று விசாரணைக் குழு எழுதியது. நானும் கையெழுத்திட்டேன். அறுந்தது உண்மைதான், நாலு நொடி கழித்து.

மகள் இப்போது எங்களோடுதான் இருக்கிறாள். வா, போ என்று பேசியவள், "சாப்பிட வாங்க" என்று கதவருகே நின்று சொல்லிவிட்டுப் போகிறாள். குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் நான் இந்தக் காவல் நிலையத்துக்கு வந்திருக்க மாட்டேன்.

அந்தப் பெண்மேல் எழுதியிருக்கும் குற்றத்தை அடித்துவிடுங்கள். மாப்பிள்ளையைக் கொன்றது நான். விதியை மதிப்பதைத் தவிர எனக்கு வேறு நோக்கம் இருந்ததில்லை. அதையும் சேர்த்து எழுதுங்கள்.

அறைக்குள் நடந்த பேச்சின் பதிவு இந்த உறையில் இருக்கிறது. அவள் 'மூக்க' என்றதுமே ஒலிவாங்கியைக் கையால் பொத்திவிட்டேன். பிறகு கேட்பது என் குரல்.

"இறக்குங்கன்னு சொல்லும்மா."