பழுப்பாகும் முன்

பச்சைப் புழுவைக் கண்டதும் எல்லோரும் தலையைத்தான் பார்ப்பார்கள். வாலைப் பார்க்க வேண்டும். அங்கே முள் போல ஒரு கொம்பு நீட்டிக்கொண்டிருந்தால் அது ஸ்பிங்ஸ் அந்துப்பூச்சியின் புழு. எந்த வகை ஸ்பிங்ஸ் என்று சொல்வதுதான் முப்பது வருடமாக என் வேலை. அதைச் சொல்லாமல் நான் செய்ததை உங்களுக்குப் புரியவைக்க முடியாது. கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

புழு செத்தால் நிறம் போய்விடும். உயிரோடு இருக்கும்போதே வரைய வேண்டும். அதுவும் தின்று கொழுத்து, மண்ணுக்குள் போவதற்காகப் பழுப்பாகுமே, அதற்கு முந்தைய இரண்டொரு நாளில். இந்தப் புழுக்களைப் பற்றிய எங்கள் புத்தகத்துக்குப் படம் வரைந்தவள் என் மனைவி. போட்டோவெல்லாம் அவள் படத்தின் கால்தூசிக்குப் பெறாது.

பதினொரு படம் பாக்கி இருந்தபோது அவள் மார்பில் ஒரு கட்டி. சோதனை முடிவு தபாலில் வந்தது. அவள் கையெல்லாம் வண்ணம், அதனால் நான்தான் பிரித்தேன். தாமதிக்காமல் சிகிச்சைக்கு வரவும் என்றிருந்தது.

"என்ன போட்டிருக்கு?" என்றாள்.

"வெறும் கொழுப்புக் கட்டிதானாம்."

"நிஜமாவா?"

"நான் எதையாவது தப்பா சொல்லிப் பாத்திருக்கியா?"

அழுதேவிட்டாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு பிரஷ்ஷை எடுத்தாள். புழுவின் முதுகு லேசாக மங்கத் தொடங்கியிருந்தது. எனக்கு வேறு வழியில்லை. சீசன் முடிந்ததும் சொல்லிவிடலாம் என்றுதான் கடிதத்தை, பூச்சிகளைக் குத்திவைக்கும் பெட்டியின் தக்கைத் தட்டுக்கு அடியில் வைத்தேன். இரண்டாவது கடிதம் வந்தது, அதையும் அங்கேயே வைத்தேன். அவற்றைத்தான் என் மைத்துனி எடுத்துப் புகாரோடு உங்கள் ஸ்டேஷனில் கொடுத்திருக்கிறாள். அவள் அக்கா என்றால் எனக்கு உயிர், அதில் உங்களுக்குச் சந்தேகம் வேண்டாம்.

ஆறு மாதத்தில் ஒன்பது படம் முடிந்தது. அதற்குமேல் அவளால் கையைத் தூக்க முடியவில்லை, ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

"ரெண்டு தடவ லெட்டர் போட்டோமேம்மா," என்றார் டாக்டர்.

அவள் திரும்பி என்னைப் பார்த்தாள்.

"தபால்ல தொலஞ்சிருக்கும் டாக்டர்."

கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அவள் பொய் சொல்லிக் கேட்டது அன்றைக்குத்தான். எனக்காகச் சொன்னாள்.

வீட்டுக்கு வந்ததும், "இன்னும் எத்தன?" என்று மட்டும் கேட்டாள். இரண்டு என்றேன். தலையணையை அண்டக்கொடுத்துப் படுக்கையிலேயே உட்கார வைத்து, இலையோடு புழுவை மடியில் வைத்தேன். உதட்டைக் கடித்துக்கொண்டு வரைந்தாள். கடைசிப் படத்தில் பக்கவாட்டுச் சாய்கோடு ஏழு இருக்க வேண்டிய இடத்தில் ஆறுதான் இருந்தது. ஒன்று விட்டுப்போயிருக்கிறது என்றேன். வாங்கிப் போட்டுக் கொடுத்தாள். அடுத்த வியாழக்கிழமை போய்விட்டாள்.

கடிதங்களை மறைத்தது நான்தான், மறுக்கவில்லை. தினமும் அந்தப் படத்தைப் பார்த்து அழுகிறேன். ஆனால் அவள் என்னை மன்னிக்கவே இல்லை என்று மைத்துனி சொல்வதை மட்டும் எழுதிக்கொள்ளாதீர்கள். மனதில் வருத்தம் இருந்திருந்தால் அந்த ஏழாவது கோட்டைப் போட்டிருப்பாளா?