முன்வரிசை

வேடசந்தூரிலிருந்து திண்டுக்கல் போகும் பேருந்தில், எனக்கு முன் இருக்கையில் பள்ளிச் சீருடையில் ஒரு பெண்ணும் அவள் அம்மாவும் உட்கார்ந்திருந்தார்கள்.

"அம்மா, டீச்சர் என்கிட்ட சாரி சொன்னாங்க," என்றாள் மகள்.

"டீச்சரா? எதுக்குடி? நேத்து அழுதியே, அதுக்கா?"

"ஆமா. ஆண்டுவிழா டான்ஸுக்கு, நீ கருப்பா இருக்க, பின்னாடி நில்லுன்னாங்கல்ல. இன்னைக்கு முன்னாடி நின்ன மேரி, அப்ப நானும் பின்னாடியே நிக்கிறேன்னு வந்துட்டா. அவளப் பாத்து எல்லாரும் வந்துட்டாளுக. முன்வரிசையில ஆளே இல்ல."

அம்மா சிரித்துவிட்டாள்.

"டீச்சர் எங்க எல்லாரையும் பக்கத்துல கூப்பிட்டாங்க. அப்புறம், யோசிக்காமச் சொல்லிட்டேன், தப்புதான்னாங்க. இனி உயரத்தப் பாத்துத்தான் நிக்க வப்பாங்களாம்."

"அப்ப நீ எங்க நிக்கிற?"

"நாந்தான் இருக்கறதுலயே குட்டை. முன்னாடி, நட்டநடுவுல!"