மாற்று ராஜாவின் அக்கா

—சத்தம் போடாதீங்க, அம்மா. உள்ளே உழவர் படுத்திருக்கார்.

—உழவரா? எந்த உழவர், பண்டிதரே? வெங்காயத்துக்கு வேர் மேல இருக்கா கீழ இருக்கான்னு தெரியாத உழவரா?

—முறைன்னு ஒண்ணு இருக்கு. இந்த நாட்கள்ல அவரை வேற பேர் சொல்லிக் கூப்பிட்டா சொன்ன நாக்கு தங்காது. நீங்க அர்பேலாவில இஷ்தார் கோயில்ல வாக்குச் சொல்ற பானிதுதானே? உங்களுக்கே நான் சொல்லித் தரணுமா?

—நான் யாருன்னு தெரியுதில்ல? அப்ப வழியை விடுங்க. அர்பேலாவிலேருந்து நினிவே வரைக்கும் கழுதை மேல வந்திருக்கேன். இடுப்பு எலும்பு எங்க இருக்குன்னு நான்தான் தேடிக்கிட்டிருக்கேன். அந்த நாணல் குடிசைக்குள்ள இருக்கிற ராஜாவை... சரி, முறைக்காதீங்க... உழவரை, நான் பாக்கணும்.

—முடியாது.

—ஏன்?

—பொழுது சாயறவரைக்கும் யாரும் பாக்கக் கூடாது. சாயங்காலம் எல்லாம் முடிஞ்சிடும். நாளைக்குக் காலையில குளிச்சு, வெள்ளை உடுத்தி, மறுபடியும் ராஜாவா அரண்மனைக்குத் திரும்பிடுவார். அங்கே வந்து பாருங்க. நானே அழைச்சுக்கிட்டுப் போறேன்.

—என்ன முடிஞ்சிடும்? அதைச் சொல்லுங்க.

—சிம்மாசனத்தில இப்ப இருக்கிறவர் தன் விதிக்குப் போயிடுவார்.

—விதிக்குப் போறாராம்! சந்தைக்குப் போறார்ங்கிற மாதிரி. கொல்லப் போறோம்னு சொல்ல நாக்கு கூசுதோ? அவன் என் தம்பி, பண்டிதரே. சுக்காயா. கோயில் வாத்து மேய்க்கிறவன். தீனிக் கூடையோட போனவனைக் கூட்டிக்கிட்டு வந்து, தங்கச் சரிகை போட்ட அங்கியை மாட்டி உக்காத்தியிருக்கீங்க. கூடை மட்டும் எனக்கு வந்து சேந்துது.

—நிலா கறுத்ததை நீங்களும்தானே பார்த்தீங்க?

—பாத்தேன். ஊரே செப்பு முரசைத் தட்டிச்சு. நானும்தான் தலையை விரிச்சுப் போட்டுக்கிட்டு அழுதேன். நிலாவில கறுத்தது நம்ம நாட்டுக்குரிய பக்கம், ராஜா உயிருக்கு ஆகாதுன்னு நீங்க சொன்னீங்க. நம்பினேன். ராஜா இறங்கிக் குடிசைக்குப் போயி உழவனா இருக்கணும், அவர் இடத்துல மாத்து ராஜான்னு ஒருத்தன் உக்காரணும், ராஜாவைத் தேடி வர்ற சாவு அவனைப் பிடிச்சுக்கணும்னீங்க. அதையும் சரின்னேன். எங்க பாட்டன் காலத்திலேருந்து நடக்கிறதுதானே. ஆனா சாவு வந்து பிடிக்கலையே! அவன் நல்லாச் சாப்பிட்டுக் கொழுகொழுன்னு இருக்கான்.

—தானா வரலைன்னா நாங்க வர வைக்கணும். அதுதான் முறை. வராத தோஷம் எங்கே போகும்? திரும்பி இந்தக் குடிசைக்குத்தான் வரும்.

—அந்த ஒருத்தன் என் தம்பியா இருக்கணும்னு எந்த நட்சத்திரம் சொல்லிச்சு?

—அப்ப வேற ஒருத்தியோட தம்பின்னா உங்களுக்குச் சம்மதம். அப்படித்தானே, அம்மா?

—அடிச்சீங்க. சரியான இடத்துல அடிச்சீங்க. போன தடவை ஒருத்தனை அனுப்பினப்போ நான் கோயில்ல உக்காந்து பேரீச்சம்பழம் தின்னுக்கிட்டிருந்தேன். அவனுக்கு அக்கா இருந்தாளான்னு கேக்கலை. அந்தப் பாவத்தை இஷ்தார் எங்கிட்ட கேட்டுக்கட்டும். உங்ககிட்ட நான் கேக்கறது இவனை.

—கோபம் எனக்குப் புரியுது. ஆனா ஒண்ணு யோசிங்க. ராஜ மரியாதையோட அடக்கம் பண்ணப் போறோம். கல்லறை கட்டியாச்சு. நல்ல எண்ணெய் பூசி, கச்சை கட்டி, ஊரே மாரடிச்சு அழும். ஒரு வாத்துக்காரனுக்கு இதெல்லாம் கிடைக்குமா?

—அழுகைக்கு ஆள் பேசியாச்சாக்கும்! அப்ப நான் வேற எதுக்கு? அவன் பக்கத்துல ராணின்னு ஒரு பொண்ணு உக்காந்திருக்காளே, நெசவுக்கூடத்துப் பொண்ணு, அவளுக்கும் எண்ணெய் வாங்கியாச்சா?

—ராஜான்னு இருந்தா ராணி வேணுமே. துணைக்குப் போவா.

—துணைக்கா! உங்க வீட்டுப் பொண்ணை அனுப்புறதுதானே துணைக்கு?

—பானிதம்மா, குரலை இறக்குங்க.

—இறக்க முடியாது. உரக்கச் சொல்றதுதான் என் வேலை. நீங்க குசுகுசுன்னு மந்திரம் சொல்லிச் சோறு தின்னறீங்க. நான் கத்தித் தின்னறேன்.

—சரி, ஒரு வழி சொல்றேன். இப்ப பேசறது யார்? சுக்காயாவோட அக்காவா, இஷ்தாரா? அம்பாள் உங்க வாயால "அவனை விடு"ன்னு சொல்றதா இருந்தா, அதை நான் உள்ளே போய்ச் சொல்லித்தான் ஆகணும். ராஜாவே ஆனாலும் கேட்டுத்தான் ஆகணும். சொல்லுங்க. ஒரு வார்த்தை போதும்.

—நல்லா வலை விரிக்கிறீங்க.

—வலை இல்லை. வழி.

—ராத்திரி பகலா அவ காலடியில கிடந்தேன். "தாயே, ஒரு வார்த்தை கொடு, அவன் பிழைச்சுப்பான்"னு கெஞ்சினேன். கொடுக்கலை. வாயே திறக்கலை அவ. கொடுக்காத வார்த்தையைக் கொடுத்தான்னு நான் சொல்ல மாட்டேன். என் தம்பி தலையே போனாலும் சொல்ல மாட்டேன். இந்த வாய் அவளுக்கு வாடகைக்கு விட்ட வாய். இப்ப பேசறது அக்கா. வெறும் அக்கா.

—அப்போ வெறும் அக்காவுக்கு இங்கே வேலை இல்லை. வாசல் அந்தப் பக்கம்.

—நேத்து இங்க வந்து இறங்கினதும் ஊர்வலத்துல அவனைப் பாத்தேன்.

—பல பேர் பார்த்தாங்க.

—தேர்ல உக்காந்து, மடியில ஒரு வாத்தை வெச்சுக்கிட்டிருந்தான். அரண்மனைக் குளத்து வாத்தா இருக்கும். என்னைக் கூட்டத்துல கண்டுபிடிச்சுட்டான். கையைத் தட்டினான். வாத்தைக் கூப்பிடறதுக்கும் என்னைக் கூப்பிடறதுக்கும் அவனுக்கு ஒரே தட்டுதான். "வா, வா, நேரமாச்சு, கொட்டகைக்குப் போலாம்"னு. நான் போகலை. ஈட்டிக்காரங்க நின்னாங்க. அவன் தட்டிக்கிட்டே போனான். சனங்க ராஜா ஆசீர்வாதம் பண்றார்னு நினைச்சு விழுந்து கும்பிட்டாங்க. நீங்களும்தான் பக்கத்துல குனிஞ்சுக்கிட்டு வந்தீங்க.

—தினமும் காலையில நான் அவரை விழுந்து வணங்கறேன். சிம்மாசனத்தில இருக்கிறவர் யாரோ அவர்தான் ராஜா. இந்த விஷயத்தில நான் குறை வைக்கலை. இருபது வருஷமா இந்த ராஜ வம்சத்துக்குப் பரிகாரம் பண்றேன். என் கையில ஒரு பரிகாரம் தவறினது கிடையாது. நபூ-கிலானின்னு பேரைச் சொல்லிப் பாருங்க, நாடு முழுக்கச் சொல்லும்.

—அப்ப முறை தவறலை?

—எள்ளளவும் தவறலை.

—எனக்குச் சந்தேகம், பண்டிதரே. சும்மா ஒருத்தனுக்கு அங்கி மாட்டி உக்காத்திட்டா தோஷம் அவன் மேல போயிடுமா? தோஷத்துக்கு அவ்வளவு மட்டமான புத்தியா? அங்கியைப் பாத்து ஏமாந்துடுமா?

—அதானே, அங்கிக்கு மாறாது. சூரியதேவன் ஷமாஷ் சந்நிதியில நிக்க வெச்சு, எல்லாச் சகுனத்தையும் ஒவ்வொண்ணாப் படிப்போம். வானத்துல கண்டது, மண்ணுல கண்டது, எல்லாம். கடைசியில அவர் தன் வாயால, "இதெல்லாம் என்னுடையது, என் தலைமேல ஏத்துக்கிட்டேன்"னு சொல்லணும். அப்பத்தான் தோஷம் இடம் மாறும்.

—வாயால சொல்லலைன்னா?

—ஆயிரம் வருஷம் உக்காந்தாலும் மாறாது.

—எனக்குக் காது கொஞ்சம் மந்தம். தெய்வம் பேசிப் பேசி அடைச்சுப்போச்சு. சத்தமாச் சொல்லுங்க.

—வாயால சொல்லலைன்னா மாறாது! எந்த வாய் சொல்லுதோ அந்தத் தலைக்குத்தான் தோஷம்! என் அப்பாவோட களிமண் பலகையில எழுதியிருக்கு, அவர் அப்பாவோட பலகையில இருக்கு. இதுக்கு மேல விளக்கணுமா?

—போதும், போதும். நல்லாப் புரிஞ்சுது. என் தம்பி சொன்னானா?

—சொன்னார்.

—சந்நிதியில, ஷமாஷ் காதுபட?

—ஷமாஷ் காதுபட.

—என்ன குரல் அவனுக்கு?

—என்ன?

—கட்டைக் குரலா, கீச்சுக் குரலா? எனக்கு ஆசையா இருக்கு, அதான் கேக்கறேன். அவனைப் பெத்துப் போட்டுட்டு அம்மா போனதிலேருந்து நான்தான் தூக்கி வளத்தேன். பல் முளைச்சப்போ அழுதான், சத்தம் வரலை. கொதிக்கிற கஞ்சியைக் கால்ல கொட்டிக்கிட்டான், சத்தம் வரலை. அக்கான்னு ஒரு தடவை கூப்பிட மாட்டானான்னு நான் கேக்காத தெய்வம் இல்லை. நீங்க கேட்டிருக்கீங்களாம் அவன் குரலை! சொல்லுங்க, பண்டிதரே. எப்படி இருந்துச்சு?

—மெதுவா... மெதுவாப் பேசுங்க...

—என் தம்பி பிறவி ஊமை!

—பானிது!

—ஊமைன்னு தெரிஞ்சுதானே பொறுக்கினே? போன தடவை உக்காந்தவன் கடைசி நாள்ல வீதியே கேக்கிற மாதிரி கத்தினான். "நான் சாக மாட்டேன், நான்தான் ராஜா"ன்னு. மறுநாள் சந்தையில எல்லார் வாயிலயும் அதே பேச்சு. உனக்கு அவமானமாப் போச்சு. இந்தத் தடவை கத்தாத ஆளாப் பாத்து எடுத்தே. அறுக்கிறவனுக்குச் சத்தம் போடாத ஆடு வேணுமாக்கும்!

—யார் அங்கே?

—ஒண்ணுமில்லை, உழவரே, என் ஆண்டவனே. கோயில் பொம்பளை ஒருத்தி. துக்கத்தில ஏதோ உளர்றா. நீங்க படுங்க. வெயில்ல வராதீங்க, ஆகாது.

—ஊமைன்னு காதுல விழுந்துது.

—விழட்டும்னுதான் சொன்னேன், உழவரே! என்னைத் தெரியுதா? நீங்க பட்டத்துக்கு வர்றதுக்கு முந்தி, "பயப்படாதே, நான் உன் பக்கத்துல நிக்கிறேன்"னு இஷ்தார் சொன்னது இந்த வாயாலதான்.

—தெரியுது. அந்தக் குரலை மறக்க முடியுமா? கிலானி, நாணல் தட்டிக்குக் காது உண்டு. நீ சொன்னது எல்லாம் கேட்டுது. இப்ப என் மூஞ்சியைப் பாத்துச் சொல்லு. அவன் ஊமையா?

—பேச்சு... கொஞ்சம் குறைவு, என் ஆண்டவனே.

—கொஞ்சம்னா?

—பேசறதில்லை.

—அப்ப சந்நிதியில "ஏத்துக்கிட்டேன்"னு யார் சொன்னது?

—வாக்கு முறைப்படி சொல்லப்பட்டுது. ஒரு எழுத்துப் பிசகலை.

—சொல்லப்பட்டுதா? சொல்லப்படறதுக்கு ஒரு வாய் வேணுமேப்பா.

—இயலாதவங்களுக்கு வேற ஒருத்தர் சொல்லலாம்னு...

—எந்தப் பலகையில இருக்கு? உன் அப்பா பலகையில இருக்கா?

—இல்லை, என் ஆண்டவனே.

—நீ குளின்னே, ஆத்துல குளிச்சேன். பட்டினி கிடன்னே, கிடந்தேன். தாடியை மழின்னே, மழிச்சுக்கிட்டேன். கொசுக்கடியில, ஈரத் தரையில, என் பேரைக்கூட நானே சொல்லிக்காம கிடக்கிறேன். ஏன்? கறுத்த நிலா என் தலையை விட்டு இறங்கிடுச்சுன்னு நீ வந்து சொன்னே. "ஆண்டவன் நிம்மதியாத் தூங்கலாம்"னே. தூங்கினேன்டா! சாவைத் தலைமாட்டுல வெச்சுக்கிட்டுத் தூங்கியிருக்கேன்!

—இல்லை, இல்லை, என் ஆண்டவனே! உங்க மேல இல்லை. அது சத்தியம். வாக்கு சொல்லியாச்சு. தோஷம் உங்களை விட்டுப் போயாச்சு.

—எங்கே போச்சு? யார் வாய் சொல்லிச்சு, கிலானி?

—அவசரம்... பொழுது ஏறிக்கிட்டிருந்துது... ஷமாஷ் உச்சிக்கு வர்றதுக்குள்ள சொல்லணும்... அவன் என்னைப் பாத்துச் சிரிச்சுக்கிட்டு நின்னான்...

—யார் வாய்?

—என் வாய்.

—அட இஷ்தாரே.

—நீ சும்மா இரு, பானிது.

—இருக்கேன்.

—உழவரே, என் ஆண்டவனே, கேளுங்க. இன்னும் நேரம் இருக்கு. சிறையில ஒரு கைதி இருக்கான், நல்லாப் பேசுவான். இன்னிக்கே அவனைக் கொண்டு வந்து, சந்நிதியில நிறுத்தி...

—நாளைக்கு அவன் அக்கா வந்து கத்துவா இந்த வாசல்ல. வழி நான் சொல்லிக் கொடுத்துட்டுத்தான் போவேன்.

—தோஷம்தான் மாறிடுச்சேப்பா. நீயே சத்தியம் பண்ணினே. மாறினதை மறுபடி எப்படிக் கைதிகிட்ட மாத்துவே? சற்று முந்தி இவகிட்ட என்னவோ விளக்கினியே. வெளியில வந்து சொன்னா எனக்கும் விளங்கும். எந்த வாய் சொல்லுதோ?

—என் ஆண்டவனே...

—எந்த வாய் சொல்லுதோ?

—அந்தத் தலைக்கு.

—ம். பானிது, போய் உன் தம்பியைக் கூட்டிக்கிட்டு ஊர் போய்ச் சேரு. காவக்காரங்க கேட்டா உழவன் சொன்னான்னு சொல்லு. விடுவாங்க.

—அந்த நெசவுக்கூடத்துப் பொண்ணு?

—அவளையும் கூட்டிக்கிட்டுப் போ. அந்த வாத்தையும்.

—என் ஆண்டவனே! இருபது வருஷம்! உங்க அப்பா தன் கையால எனக்கு மோதிரம் போட்டார்! நீங்க வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொன்னாப் போதும், உழவரே, ஒரே ஒரு வார்த்தை...

—உழவன் வார்த்தைக்கு என்னங்க மதிப்பு? எந்திரிங்க, நீங்க போயி என் கால்ல விழலாமா? நான்தான் விழணும். பொழுது சாயறவரைக்கும் சிம்மாசனம் உங்களுதுதானே. கும்பிடறேன், மகாராஜா.